28 விநாடி, ஒரு வாளித் தண்ணீர்

வணக்கம் மக்களே. இன்றைக்கு மைக் பற்றிப் பேசுவதாகச் சொல்லியிருந்தேன். அதை அடுத்த வாரம் வைத்துக்கொள்வோம். ஜோனஸ் மேகஸ் என்ற சினிமாக்காரரின் டைரிப் படம் ஒன்றை, அதாவது டைரி எழுதுவதுபோல் தன் அன்றாட வாழ்க்கையையே எடுத்த படத்தை, நேற்று ராத்திரிதான் பார்த்து முடித்தேன், அதிலிருந்து வேறு எதுவும் ஓடவில்லை.

2000இல் வந்த படம். 4 மணி 48 நிமிடம்! மூன்று ராத்திரி உட்கார்ந்து பார்த்தேன். நியூயார்க்கில் சுமார் 30 வருடமாக எடுத்துச் சேர்த்த துண்டுகள். குழந்தை, நண்பர்கள், பனி, ஜன்னல் வெயில், அவ்வளவுதான். கால வரிசைகூடக் கிடையாது. அலமாரியில் கிடந்தபடியே ஒட்டிவிட்டதாகப் படத்திலேயே சொல்கிறார்.

கேமரா பொலெக்ஸ், 16 எம்எம் பிலிம் போட்டு எடுப்பது. சாவி முறுக்கி ஓட்டுவது. முழுக்க முறுக்கினாலும் ஒரு ஷாட் 28 விநாடிதான் வரும். நூறு அடி ரீல் இரண்டே முக்கால் நிமிடத்தில் காலி. அதனால் அவர் அசைவை அள்ளிக்கொண்டு நகர்ந்துவிடுகிறார். சில சமயம் நாலைந்து பிரேம்தான், கண் சிமிட்டினால் போச்சு.

ஐயோ, முக்கியமானதை விட்டுவிட்டேன். மேகஸ் அடிப்படையில் கவிஞர், லித்துவேனிய மொழியில் எழுதியவர். போரில் ஊரை விட்டு வந்து, அகதி முகாம்களில் இருந்து, 1949இல் தம்பியோடு நியூயார்க்கில் இறங்கியவர். வந்த கொஞ்ச நாளிலேயே கடன் வாங்கிக் கேமரா வாங்கினார்கள். இது தெரிந்த பிறகு அந்த ஜன்னல் வெயிலைப் பாருங்கள். ஒருமுறை எல்லாவற்றையும் இழந்தவர் எடுத்த வெயில் அது.

சும்மா மேகத்தை ஸ்லோமோஷனில் ஓடவிட்டு, அடியில் பியானோவைப் போட்டு, 'கவிதை மாதிரி இருக்கு' என்கிறார்களே, எனக்கு அது சுத்தமாகப் பிடிக்காது. அதில் கேமரா வழியாகப் பார்த்தவர் யார் என்றே தெரிவதில்லை. மேகஸின் கை நடுங்கினால் படமும் நடுங்குகிறது.

சரி, இன்று காலை நானும் இறங்கிவிட்டேன். விதி இதுதான்: போனில் 28 விநாடி, இரண்டாவது டேக் கிடையாது. குளியலறை வாளியில் பட்ட வெயில் கூரையில் நெளிந்துகொண்டிருந்தது. போனை நீட்டினால், அது தானாகவே வெளிச்சத்தைக் கூட்டுகிறது, குறைக்கிறது, மறுபடி கூட்டுகிறது. எனக்கு வந்த கோபம்! வெயில் வேறு நகர்கிறது. திரையில் விரலை அழுத்திப் பிடித்தால் எக்ஸ்போஷர், அதாவது வெளிச்ச அளவு, மாறாமல் பூட்டிக்கொள்ளும் என்று அப்புறம்தான் ஞாபகம் வந்தது. அழுத்தினேன், நின்றது. ரெக்கார்டைத் தட்டினேன். 19ஆம் விநாடியில் குழாயிலிருந்து ஒரு சொட்டு விழுந்தது. கூரை முழுக்க வெளிச்சம் உடைந்து, மெதுவாக ஒன்றுகூடியது. கத்திவிடுவேனோ என்று வாயைப் பொத்திக்கொண்டேன்.

டிஸ்கில் என்னுடைய வீடியோ இரண்டு டெராபைட் கிடக்கிறது. அதில் இப்படி ஒரு விநாடி இல்லை.

இப்போது போடுகிறேன். பாட்டு எதுவும் சேர்க்கவில்லை, சொட்டுச் சத்தம் மட்டும் இருக்கும். 19ஆம் விநாடி, மறந்துவிடாதீர்கள்.