பாற்கடல் முதலிலா, தயிர்க் கடல் முதலிலா?

வணக்கம், நேயர்களே. புராணங்கள் சொல்லும் ஏழு கடல்களைப் பற்றிச் சென்ற வாரம் நான் வெளியிட்ட காணொளியின் கீழே ஒருவர் எழுதிய ஒற்றை வரியால் நான்கு நாள்களாக எரிச்சலோடு இருக்கிறேன். "பாலையும் தயிரையும் இடம் மாற்றிவிட்டீர்கள், படித்துவிட்டுப் பேசுங்கள்" என்பது அந்த வரி. பிழை செய்தால் மறுநாளே மன்னிப்புக் கேட்கிற வழக்கம் எனக்கு உண்டு என்பது பழைய நேயர்களுக்குத் தெரியும். இந்த முறை கேட்கப்போவதில்லை.

உப்பு, கருப்பஞ்சாறு, கள், நெய், தயிர், பால், நன்னீர் என்று நான் சொன்ன வரிசை விஷ்ணு புராணத்தின் இரண்டாம் அம்சத்தில், அதாவது இரண்டாம் பகுதியில், இருக்கிறது. பாகவதத்தின் ஐந்தாம் ஸ்கந்தமோ நெய்க்கு அடுத்துப் பாலையும் அதற்கு வெளியே தயிரையும் வைக்கிறது. அந்த நண்பர் பாகவதம் படித்திருக்கிறார், நான் விஷ்ணு புராணம் படித்திருக்கிறேன், அவ்வளவுதான். ஆனால் பக்கத்து வீட்டுக்காரர்கள் வீடு மாற்றிக்கொண்டதைப் போல இதை எளிதாக விட்டுவிட முடியாது. புராண உலகில் ஏழு தீவுகளும் ஏழு கடல்களும் உள்ளிருந்து வெளியே வளையங்களாக மாறி மாறிச் சூழ்ந்திருக்கின்றன. நடுவிலுள்ள நாவலந்தீவின் குறுக்களவு 1 லட்சம் யோசனை (யோசனை என்பது பழைய தொலைவு அளவு). அடுத்தடுத்த தீவு ஒவ்வொன்றும் முந்தையதைப் போல இரு மடங்கு. ஒவ்வொரு கடலும் தான் சூழ்ந்திருக்கும் தீவின் அகலமே உடையது. ஆகவே பாகவதப்படி ஐந்தாவதான கிரௌஞ்சத் தீவைச் சூழ்ந்தால் பாற்கடலின் அகலம் 16 லட்சம் யோசனை, விஷ்ணு புராணப்படி ஆறாவதான சாகத் தீவைச் சூழ்ந்தால் 32 லட்சம். யோசனைக்கு ஆளுக்கொரு கணக்கு உண்டு என்றாலும் 12 கிலோமீட்டர் என்று வைத்துக்கொண்டால், இரண்டாவது அளவு பூமிக்கும் நிலவுக்கும் இடையிலுள்ள தொலைவைப் போல ஏறத்தாழ 100 மடங்கு. அந்த நிலவே பாற்கடலைக் கடைந்தபோது உள்ளேயிருந்து வந்ததுதான் என்பதை நினைத்தால் எனக்குத் தலை சுற்றுகிறது.

இதைக் கண்ணால் காட்டிவிட வேண்டும் என்றுதான் ஞாயிற்றுக்கிழமை மாதிரி செய்ய உட்கார்ந்தேன். நாவலந்தீவுக்கு 2 சென்டிமீட்டர் நாணயம் ஒன்றை வைத்துக் கணக்கிட்டால், நன்னீர்க் கடலின் ஒரு வெளிக்கரையிலிருந்து எதிர் வெளிக்கரை வரை 10 மீட்டர் வந்துவிடுகிறது. எங்கள் கூடமே அவ்வளவு நீளம் இல்லை. நாணயத்துக்குப் பதிலாக 2 மில்லிமீட்டர்க் கடுகு ஒன்றை வைத்தபோதுதான் எல்லாம் ஏறத்தாழ 1 மீட்டரில் அடங்கின. கடுகைத் துளைத்து ஏழு கடலைப் புகட்டியதாகக் குறளைப் பாராட்டினார்கள் அல்லவா, எனக்குக் கடுகுக்கு வெளியே அடக்குவதற்கே ஒரு காலைப்பொழுது போயிற்று. அதிலும் உப்புக் கடலின் அகலம் வெறும் 2 மில்லிமீட்டர் என்பதால் அதில் எதையும் ஊற்ற முடியவில்லை. இறுதியில் அளவைக் கைவிட்டு, கல்யாணத் தாம்பாளத்தில் சப்பாத்தி மாவால் வளைய வளையமாகத் தீவுகள் கட்டி, ஏழு கடல்களுக்கும் ஒரே அகலம் கொடுத்தேன்.

நெய்யைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியாது. அரை லிட்டர் 370 ரூபாய்! அதை மாவுக் கரைக்குள் ஊற்றும்போது என் அம்மா பார்த்த பார்வையை ஒளிப்பதிவு செய்யவில்லை. விடியற்காலைக் குளிரில் அது முழுதாக உறைந்து மணல்மணலாக நின்றது; நெய்க் கடலில் தோணி தேவையில்லை, நடந்தே போய்விடலாம் என்பதைப் புராணங்கள் ஏன் எழுதவில்லை என்று தெரியவில்லை. கருப்பஞ்சாறு விற்பவரிடம் இஞ்சியும் எலுமிச்சையும் ஐஸும் வேண்டாம் என்று மூன்று முறை சொல்லியும் எலுமிச்சையைப் பிழிந்துவிட்டார். ஒன்றை விட்டுவிட்டேன்: தமிழ்நாட்டில் கள் இறக்க 1987 முதல் தடை இருப்பதால், கள்ளுக் கடலில் நீங்கள் பார்த்தது நன்னாரி சர்பத்.

இரவில் கருப்பஞ்சாறு மாவுக்குள் ஊறி, உட்கரை உடைந்து உப்பு நீரோடு கலந்துவிட்டது. அதைத் துடைத்துக்கொண்டிருந்தபோதுதான் அந்த உலகில் எனக்கு மிகவும் பிடித்த விந்தை எது என்று புரிந்தது. பால் கடலாக இருப்பதைக்கூட நம்பிவிடலாம். உப்பும் இனிப்பும் ஒரு தீவின் இரு கரைகளில் கோடிக்கணக்கான ஆண்டுகள் நின்றும் ஒன்றுக்குள் ஒன்று கசியாமல் இருப்பதுதான் எனக்கு வியப்பு.

முன்பே சொல்லியிருக்க வேண்டியது இன்னொன்று, கடலின் ஏற்றவற்றம். அடுப்பில் வைத்த பாத்திரத்து நீர் சூட்டில் மேலெழுவதைப் போல, நிலவு வளரும்போது கடல் உயர்கிறது, உண்மையில் நீர் கூடுவதும் இல்லை, குறைவதும் இல்லை என்கிறது விஷ்ணு புராணம். அளவையும் 510 விரற்கடை என்று கொடுக்கிறது. ஒரு விரற்கடை 2 சென்டிமீட்டருக்குச் சற்றுக் குறைவு என்றால் அது 10 மீட்டரை நெருங்குகிறது. பாம்பனில் 1 மீட்டர்கூட ஏறாத கடலைப் பார்த்து வளர்ந்த எனக்கு இது மிகையாகத் தோன்றியது. ஆனால் குஜராத்தின் காம்பே வளைகுடாவில் அந்த அளவு ஏற்றம் இன்றைக்கும் உண்டு. கற்பனைக் கடலுக்குள் இப்படி ஓர் எண் உட்கார்ந்திருப்பதை நான் மிகவும் ரசித்தேன்.

வரிசைச் சண்டைக்கு வருகிறேன். விஷ்ணு புராணப்படி தயிரை ஊற்றிய அதே கரண்டியால், கழுவாமல், அடுத்த வளையத்தில் பாலை ஊற்றியிருக்கிறேன். திங்கட்கிழமை காலை பால் இருந்த வளையத்தை விரலால் தொட்டுப் பார்த்தால் அரைகுறையாக உறைந்திருந்தது. மதியத்துக்குள் இரண்டும் தயிர். ஆகவே அந்த நண்பருக்கு என் பதில் ஒன்றே: தங்கள் பாகவத வரிசையும் சரி, என் வரிசையும் சரி, எங்கள் தாம்பாளத்தில் மட்டும் பாற்கடலே இல்லை. இரண்டு வளையங்களையும் வழித்து மோராக்கிக் குடித்துவிட்டோம். மாவு ஒட்டிய நெய்யை அம்மா உருக்கி, வடிகட்டி, புட்டியில் திரும்ப ஊற்றிவிட்டார். நாவலந்தீவாக இருந்த கடுகைத்தான் இன்னும் தேடிக்கொண்டிருக்கிறேன்.