யூஜின் பலெற்: குரலால் எழும்பிய ஒரு துணை நடிகர்

அன்பான நேயர்களே, வணக்கம்.

யூஜின் பலெற் என்ற பெயர் உங்களில் பலருக்கு உடனே பிடிபடாமல் போகலாம். ஆளைச் சொன்னால் தெரியும். 1938 இல் எரோல் பிளின் நடித்து வந்த றொபின் ஹூட் படத்தில், ஆற்றங்கரையில் தூண்டிலைப் போட்டுவிட்டு நித்திரை கொள்கிற ஒரு குண்டுச் சாமியார் வருவார். றொபின் ஹூட் மெல்ல வந்து அவருடைய ஆட்டுத்தொடையை எடுத்துக் கடிக்க, சாமியார் எழும்பி வாளை உருவுவார். இரண்டு பேரும் தண்ணீருக்குள் நின்று சண்டை பிடிப்பார்கள். அந்தச் சாமியார்தான் பலெற். உடம்பு பெரிதுதான், ஆனாலும் மனதில் நிற்பது அவருடைய குரல். அடிவயிற்றில் தொடங்கி, தொண்டையில் உரசி, மாரித் தவளை கத்துவது மாதிரி வெளியே வரும். அந்தக் குரலுக்காகத்தான் இன்றைக்கு இந்த மனிதரைப் பற்றிக் கதைக்க வந்திருக்கிறேன்.

அவர் 1889 இல் அமெரிக்காவின் கன்சாஸ் மாநிலத்தில், வின்பீல்ட் என்ற ஊரில் பிறந்தவர். தாயும் தகப்பனும் மேடையில் நடித்தவர்கள். மௌனப்படக் காலத்தில் சினிமாவுக்குள் வந்தபோது ஆள் மெலிவு, வடிவான முகம். இயக்குநர் கிறிபித் 1916 இல் எடுத்த ‘இன்ரொலறன்ஸ்’ படத்தில் நான்கு காலத்துக் கதைகள் பின்னி வரும். அதில் ஒன்று, 1572 இல் பாரிஸ் நகரில் புரட்டஸ்தாந்தினரைக் கொன்று குவித்த கதை. பலெற் அதில் ஒரு காதலன். தன்னுடைய பெண்ணைக் காப்பாற்ற நகரத்துக்குள்ளால் ஓடி வருகிறான். வந்து சேர்வதற்கிடையில் அவள் போய்விட்டாள். உயிரற்ற உடம்பைக் கைகளில் தூக்கிக்கொண்டு வந்து படைவீரர்களைப் பார்த்துக் கத்துகிறான். அவர்கள் சுடுகிறார்கள். வாய் அசைகிறது, முகம் துடிக்கிறது, சத்தம் மட்டும் இல்லை. பிற்காலத்தில் அவருடைய குரலைக் கேட்டுப் பழகிய ஒருவருக்கு இந்தக் காட்சியைப் பார்ப்பது பெரிய மனக்கஷ்டம்.

1921 இல் டக்ளஸ் பெயர்பாங்ஸ் நடித்த ‘மூன்று மஸ்கற்றியர்ஸ்’ படத்தில் வீரர்களில் ஒருவரான அராமிஸ் இவர்தான். அதற்குப் பிறகு உடம்பு வைத்துவிட்டது. மௌனப்படத்தில் நடிகருக்கு உருவம்தான் முதல். அது மாறினால் வேஷமும் மாறிவிடும். 1927 இல் நகைச்சுவை இரட்டையரான லோறலும் ஹார்டியும் நடித்த ஒரு சிறு படத்தில் காப்புறுதி விற்க வருகிற ஆளாகத் தலையைக் காட்டுகிறார். நாற்பதை எட்டப்போகிற வயது. இனி இப்படித்தான் காலம் போகும் என்று யாரும் நினைத்திருப்பார்கள்.

அடுத்த வருஷம் படம் பேசத் தொடங்கியது. 1928 ஜூலையில் வோர்னர் நிறுவனம் ‘லைற்ஸ் ஒவ் நியூ யோர்க்’ என்ற படத்தை வெளியிட்டது. தொடக்கம் முதல் முடிவு வரை வசனம் பேசிய முதல் முழுநீளப் படம் அது. ஓடும் நேரம் 57 நிமிடம்தான். ஏறத்தாழ 23,000 டொலரில் எடுத்த படம் பத்து லட்சத்துக்கு மேல் சம்பாதித்தது. அதில் பலெற் ஒரு சலூன்காரராக வருகிறார்.

அந்த நாளில் ஒலிப்பதிவு எப்படி நடந்தது என்பதைக் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் விஷயம் அங்கேதான் இருக்கிறது. வோர்னர்காரர் ஒலியைப் பதிந்தது 16 அங்குல இசைத்தட்டில். ஒரு தட்டு ஒரு றீலுக்கு, அதாவது 11 நிமிடத்துக்குப் போதும். கமராவின் இரைச்சல் பதிவில் விழக்கூடாது என்று, கமராவையும் அதை இயக்குகிறவரையும் ஒரு பெட்டிக்குள் வைத்து அடைத்தார்கள். ஒலிவாங்கியை மேசையிலோ சாமான்களுக்குப் பின்னாலோ ஒளித்து வைத்தார்கள். நடிகர்கள் அதைவிட்டு விலகிப் போக முடியாது. அதனால் எல்லாரும் ஒரே இடத்தில் ஒட்டிக்கொண்டு நின்று, ஒவ்வொரு சொல்லாக நிறுத்தி, பள்ளிக்கூடப் பேச்சுப்போட்டி மாதிரிக் கதைத்தார்கள். இன்றைக்கு அந்தப் படங்களைப் பார்ப்பவருக்குப் பொறுமை வேண்டும். அந்தக் கூட்டத்துக்குள் பலெற் வாயைத் திறந்தால் ஒரு மனிதர் கதைப்பதாகத் தெரியும். சொல்லை மினுக்க அவர் மெனக்கெடவில்லை. அப்படி மினுக்கக்கூடிய குரலும் இல்லை.

1929 இல் வந்த ‘கனேரி மேர்டர் கேஸ்’ என்ற துப்பறியும் படத்தின் கதை இன்னும் அழுத்தமானது. அதை முதலில் மௌனப்படமாகத்தான் எடுத்தார்கள். பிறகு, பேசும் படமாக மாற்றுவோம் என்று நடிகர்களைத் திரும்பக் கூப்பிட்டார்கள். நாயகி லூயிஸ் புறூக்ஸ் அதற்கிடையில் ஜேர்மனிக்குப் போய் ஒரு படத்தில் நடித்துவிட்டு வந்திருந்தார். வரமாட்டேன் என்று சொல்லிவிட்டார். மார்கிறற் லிவிங்ஸ்ரன் என்ற நடிகையின் குரலை அவருக்குப் போட்டார்கள். புறூக்ஸின் குரல் பேசும் படத்துக்கு எடுபடாது என்ற கதையும் பரப்பப்பட்டது. அவருடைய ஹொலிவூட் வாழ்க்கை அதோடு சரிந்தது. அதே படத்தில் சார்ஜன்ற் ஹீத் என்ற பொலிஸ்காரராக வந்தவர் பலெற். வில்லியம் பவல் துப்பறிவாளர். இந்த இரண்டு பேரையும் சேர்த்து மேலும் படங்கள் வந்தன. ஒரு படம் ஒருவரைக் கைவிட்டு, இன்னொருவரைத் தூக்கிவிட்டது. புறூக்ஸுக்கு நடந்தது அநியாயம் என்றே நான் சொல்வேன்.

எங்கள் பக்கத்தில் 1931 இல் ‘காளிதாஸ்’ வந்தபோது பேசும் படம் என்பது பாடும் படமாகத்தான் இருந்தது. மேடையில் பாடிப் பழகிய தொண்டைக்கே மதிப்பு. யாழ்ப்பாணத்திலும் அப்படித்தான். காங்கேசன்துறை வி. வி. வைரமுத்து மயான காண்டத்தில் அரிச்சந்திரனாக நின்று பாடியதைக் கேட்ட தலைமுறை, நடிகனின் குரல் என்றால் இனிமையும் எட்டுக்கட்டையும் என்றே எண்ணியது. அது எங்கள் செல்வம், அதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் இலங்கை வானொலி வேறு ஒன்றையும் எங்களுக்குக் காட்டியது. ‘கோமாளிகளின் கும்மாளம்’ என்ற நகைச்சுவை நாடகத்தைக் கேட்டவர்களுக்கு மரிக்கார் ராமதாஸையும் அப்புக்குட்டி ராஜகோபாலையும் தெரியும். பாத்திரத்தின் பெயரே அவர்களுடைய பெயரோடு ஒட்டிக்கொண்டது. குரலில் ஆள் தெரிந்ததால்தான் அது நடந்தது. கரகரத்த குரல் என்பதற்காக ஒரு பிள்ளையை நாடகக் குரல் தேர்வில் தள்ளிவிடாதீர்கள் என்று நாடகம் தயாரிப்பவர்களிடம் மிகவும் விரும்பிக் கேட்கிறேன்.

பலெற்றின் நல்ல காலம் 1936 இல் தொடங்குகிறது. ‘மை மேன் கோட்பிறி’யில் அவர் ஒரு பணக்காரக் குடும்பத்தின் தகப்பன். மனைவியும் பிள்ளைகளும் காசை இறைக்கிறார்கள், பில் வருவது இவருக்கு. பைத்தியக்கார வீடு நடத்த ஒரு வெறும் அறையும் அதற்கேற்ற ஆட்களும் இருந்தால் காணும் என்று அவர் அலுத்துச் சொல்கிற இடத்தில், குரலை உயர்த்தவே மாட்டார். துணை நடிகருக்கு ஒஸ்கார் கொடுக்கத் தொடங்கியதும் அந்த ஆண்டின் படங்களுக்குத்தான். இந்தப் படத்துக்கு நடிப்பின் நான்கு பிரிவிலும் பரிந்துரை கிடைத்தது. அதில் பலெற்றின் பெயர் இல்லை. பிறகும் ஒருநாளும் வரவில்லை.

இன்னொன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். 1944 இல் அவரை இயக்கிய ஒட்டோ பிறெமிங்கர், பலெற் ஒரு கறுப்பின நடிகரோடு ஒரே மேசையில் இருக்க மறுத்தார் என்றும், ஹிட்லரை மெச்சுகிறவர் என்றும் தன் சுயசரிதையில் குற்றஞ்சாட்டினார். கலையை மெச்சுகிறபோது இதையும் கேட்டுக்கொண்டே மெச்ச வேண்டியிருக்கிறது.

1946 க்குப் பிறகு அவர் நடிக்கவில்லை. 1954 இல் தொண்டைப் புற்றுநோயால் இறந்தார். இருநூறுக்கு மேற்பட்ட படங்கள் அவர் கணக்கில் உண்டு.

பார்க்க விரும்புகிறவர்கள் 1941 இல் பிறெஸ்ரன் ஸ்ரேஜஸ் இயக்கிய ‘த லேடி ஈவ்’ படத்தில் தொடங்குங்கள். அதில் பலெற் பெரிய பியர் வியாபாரி. வீட்டில் விருந்துக்கு ஆயத்தம் நடக்கிறது, இவருக்குக் காலைச் சாப்பாடு கொடுக்க ஒருவரும் இல்லை. கூப்பிட்டுப் பார்க்கிறார், பிறகு தட்டு மூடிகளை ஒன்றோடொன்று தாளம் மாதிரி அடிக்கத் தொடங்குகிறார். அதைப் பார்த்த பிறகு ‘இன்ரொலறன்ஸ்’ படத்துக்குப் போங்கள். நன்றி, வணக்கம்.