எந்த ராமசாமி?

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, பொங்கல் விழாவுக்கு வந்து இந்தப் பனியிலும் மப்ளரைச் சுற்றிக்கொண்டு உட்கார்ந்திருக்கும் பெரியோர்களே, தாய்மார்களே, அனைவருக்கும் வணக்கம்.

'ஊரில் பத்துப் பேருக்கு இருக்கிற பெயர் ஒருவருக்குப் பலமா, பாரமா?' இதுதான் தலைப்பு. பலமே என்று பேச வந்திருக்கிறேன். எனக்கு முன்னால் பேசிய எதிரணித் தலைவர் பத்து நிமிடம் பாரத்தைத் தூக்கித் தூக்கிக் காட்டிவிட்டு, வியர்வையைத் துடைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். எவனோ வாங்கிய கடனுக்குத் தன் வீட்டு வாசலில் ஆள் வந்து நின்ற கதையைச் சொன்னார். கூகுளில் தன் பெயரைத் தேடினால் யார் யாரோ வருகிறார்கள், தான் மட்டும் வரவில்லை என்று வருத்தப்பட்டார். அதற்குப் பெயர்தான் காரணமா என்று நான் கேட்கவில்லை ஐயா. மேடை நாகரிகம் என்று ஒன்று இருக்கிறது.

கடைசியில் ஒரு துருப்புச் சீட்டைப் போட்டார். டி.ஆர். மகாலிங்கம். இன்ஷியலோடு சேர்த்து ஒரே பெயர், ஒரே காலத்தில் இரண்டு பேருக்கு. ஒருவர் புல்லாங்குழல், ஒருவர் சினிமாவில் பாடி நடித்தவர். இதைவிடக் குழப்பம் வேண்டுமா என்று கேட்டார். நல்ல கேள்வி. ஆனால் குழப்பம் எங்கே இருக்கிறது என்று கொஞ்சம் கிட்டப் போய்ப் பாருங்கள். நடிகர் சோழவந்தான் பக்கம் தென்கரைக்காரர், அப்பா ராமகிருஷ்ணன். குழலிசைக் கலைஞருக்கு ஊர் திருவிடைமருதூர், அப்பா ராமசாமி. இன்ஷியலைத் தமிழில் போட்டிருந்தால் ஒருவர் தெ.ரா., மற்றவர் தி.ரா. முதல் எழுத்திலேயே ஆள் பிரிந்துவிடுகிறார். இங்கிலீஷ் 'டி' செய்த வேலைக்கு மகாலிங்கம் என்ன செய்வார்? அதற்கும் மேலே, ஜனங்கள் குழம்பவே இல்லை. குழல்காரரை 'மாலி' என்று கூப்பிட்டார்கள். மாலி கச்சேரி என்றால் சோழவந்தானுக்கு எவனும் டிக்கெட் எடுக்கவில்லை.

அந்த மாலியின் அப்பா ராமசாமி என்றேனே, அந்தப் பெயரையே எடுத்துக்கொள்கிறேன். வேறு பெயருக்குப் போகவே மாட்டேன். ராமசாமி! இதைவிடப் பொதுவான பெயர் உண்டா? கதை சொல்ல ஆரம்பித்தால் 'ஒரு ஊரில் ஒரு ராமசாமி', கணக்குப் போட்டால் 'ராமசாமியிடம் பத்து மாம்பழம்'. பாவம், எல்லாக் கணக்கிலும் மாம்பழத்தை இழப்பவர் அவர்தான்.

எங்கள் தெருவில் மூன்று ராமசாமிகள். ஒரு நாள் தபால்காரர் சைக்கிளை நிறுத்தி, ஒரு காலைத் திண்ணையில் ஊன்றிக்கொண்டு, ஒரு நீலக் கவரைத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறார். 'ராமசாமி, வடக்குத் தெரு'. அவ்வளவுதான் விலாசம். திண்ணையில் இருந்த என் பாட்டி, "தபால்தலையைப் பாருப்பா" என்றார். வெளிநாட்டுத் தபால்தலை. "அப்போ அது தறிக்கார ராமசாமிக்கு. அவன் மவன்தான் துபாய் போயிருக்கான். கோர்ட்டு ராமசாமிக்கு வர்றது எல்லாம் நம்ம ஊர் முத்திரைதான், அதுவும் பழுப்புக் கவரு. இன்னொருத்தனுக்கு லெட்டர் எழுத யாருமில்ல, பாவம்." அரை நிமிடத்தில் மூன்று பேருடைய வாழ்க்கை வரலாறும் வந்துவிட்டது. யாரால் வந்தது? மூன்று பேருக்கும் ஒரே பெயர் இருந்ததால் வந்தது. அதே தெருவில் வேறு யாருக்கும் இல்லாத பெயரோடு ஒருவர் இருந்தார். அவர் கடிதத்தைத் தபால்காரர் நேராகப் போய்ப் போட்டுவிடுவார். அவர் என்ன வேலை பார்த்தார் என்று எனக்கு இன்றைக்கும் தெரியாது. கேட்க வேண்டிய அவசியமே வரவில்லை.

நடுவர் அவர்களே, இதுதான் எங்கள் கட்சி. பெயர் பொதுவாக இருந்தால் ஊர் 'எந்த ராமசாமி?' என்று கேட்கும். அந்தக் கேள்விக்கு வருகிற பதில் இருக்கிறதே, அதை அப்பா அம்மா வைக்க முடியாது. அவரவர்தான் சம்பாதிக்க வேண்டும்.

தெருவை விட்டுக் கொஞ்சம் பெரிய ராமசாமிகளிடம் வருகிறேன். 1879-ல் இரண்டு ராமசாமிகள் பிறக்கிறார்கள். செப்டம்பரில் ஈரோட்டில் ஒருவர், நவம்பரில் வந்தவாசியில் ஒருவர். முதலாமவர் ஈ.வெ. ராமசாமி. இரண்டாமவர் சி.பி. ராமசாமி ஐயர். ஒரே வருடம், ஒரே பெயர். மற்றபடி கிழக்கும் மேற்கும்.

1924. திருவிதாங்கூரில் வைக்கம். கோயிலைச் சுற்றியுள்ள தெருவில் சில சாதியார் நடக்கவே கூடாது என்று தடை. ஈரோட்டு ராமசாமி போகிறார், பேசுகிறார், கைதாகிறார். வெளியே வந்ததும் திரும்பப் பேசுகிறார், திரும்பக் கைதாகிறார். அதே திருவிதாங்கூரில் பன்னிரண்டு வருடம் கழித்து, 1936 நவம்பரில், கோயில் கதவே எல்லாச் சாதியாருக்கும் திறக்கிறது. மகாராஜா பிரகடனம் வெளியிடுகிறார். அப்போது அங்கே திவான் யார்? வந்தவாசி ராமசாமி! தெருவுக்காகச் சிறைக்குப் போனவரும் ராமசாமி, கோயில் திறந்தபோது திவான் நாற்காலியில் இருந்தவரும் ராமசாமி.

அதோடு நின்றதா? 1947. சென்னை மாகாணத்தில் ஆலய நுழைவுச் சட்டம் வருகிறது. அதே வருடம் தேவதாசி முறையை ஒழிக்கும் சட்டமும் வருகிறது. அப்போது மாகாணப் பிரதமர் யார்? அந்தப் பதவியைத்தான் இன்றைக்கு முதல்வர் என்கிறோம். திண்டிவனம் பக்கத்து விவசாயி, வள்ளலார் பக்தர், ஓமந்தூர் ராமசாமி ரெட்டியார்! நாடு சுதந்திரம் வாங்கிய அன்று சென்னையில் ஆட்சியில் இருந்தவர் அவர்தான். பதவி போனதும் வடலூருக்குப் போய்விட்டார்.

தெருவுக்கு ஒரு ராமசாமி, சமஸ்தானத்துக்கு ஒரு ராமசாமி, மாகாணத்துக்கு ஒரு ராமசாமி. மூவரும் ஒரே கட்சியா? இல்லவே இல்லை. ஓமந்தூராரின் ஆட்சியில்தான் ஈரோட்டு ராமசாமியின் கருப்புச் சட்டைப் படைக்கே தடை வந்தது. சி.பி.யைத் திருவிதாங்கூரில் கொண்டாடியவர்களும் உண்டு, 1947-ல் அவரை வெட்ட வந்தவனும் உண்டு. பெயர் ஒன்றாக இருந்ததால் யாரும் யார் நிழலிலும் ஒதுங்கவில்லை. சரித்திரம் இவர்களைப் பெயர் சொல்லிக்கூடக் கூப்பிடவில்லை பாருங்கள்: பெரியார், சி.பி., ஓமந்தூரார். ராமசாமி என்பது மூவருக்கும் பள்ளிக்கூட ரெஜிஸ்டரில் தங்கிவிட்டது.

பெரியார் விஷயத்தில் இன்னும் ஒரு நிமிடம் நிற்க வேண்டும். எதிரணியில் ஒருவர், 'தனித்துத் தெரிய ஒரு அடையாளம் வேண்டாமா?' என்று கேட்டார். ஈ.வெ.ரா.வுக்கு அந்த அடையாளம் இருந்தது. பெயருக்குப் பின்னால் நாயக்கர் என்ற பட்டம் இருந்தது. அதை அவரே வெட்டி எறிந்தார். 1929-ல் செங்கல்பட்டு மாநாட்டில் எல்லோரும் சாதிப் பட்டத்தை விடுங்கள் என்று தீர்மானம் வந்தது. பிறகு அவரிடம் மிச்சம் என்ன? ஈரோட்டுக்கு ஒரு எழுத்து, அப்பா வெங்கடப்பருக்கு ஒரு எழுத்து, அப்புறம் நாடெல்லாம் இறைந்து கிடக்கிற ராமசாமி. அதையாவது மாற்றினாரா? ராமர் படத்தைக் கொளுத்தும் போராட்டத்தை 1956-ல் அறிவித்த மனிதர், கையெழுத்து என்று வந்தால் 'ஈ.வெ. ராமசாமி' என்றுதான் போட்டார்! வேறு யாராவது இருந்தால் முதல் வேலையாகக் கெஜட்டில் பெயரை மாற்றியிருப்பார்கள். 1938-ல் சென்னையில் பெண்கள் கூடிய மாநாட்டில் 'பெரியார்' என்று அழைக்கத் தீர்மானம் போட்டார்கள். அப்போது அவருக்கு வயது ஐம்பத்தொன்பது. சம்பாதித்த பெயர் வர அவ்வளவு நாள் ஆகிறது ஐயா.

குழப்பமே வராது என்று நான் சாதிக்கவில்லை. வரும். நானே ஏமாந்திருக்கிறேன். ராயபுரத்தில் ஆர்.எஸ்.ஆர்.எம். பிரசவ ஆஸ்பத்திரி இருக்கிறது. அந்த எழுத்துகளுக்குள் இருப்பவர் ராஜா சர் ராமசாமி முதலியார். ஆற்காடு ராமசாமி முதலியாரும் 'சர்' பட்டக்காரர்தான், ஐ.நா.வின் பொருளாதார, சமூக மன்றத்துக்கு 1946-ல் முதல் தலைவர். அவருடைய இரட்டைச் சகோதரர் லட்சுமணசாமி முதலியார், பிரசவ மருத்துவத்தில் பாடநூல் எழுதிய டாக்டர், சென்னைப் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தராக இருபத்தேழு வருடம் இருந்தவர். இரட்டையருக்கு ராமசாமி, லட்சுமணசாமி என்று பெயர் வைத்த வீட்டின் ஒழுங்கைப் பாருங்கள்! ஆகவே பிரசவ ஆஸ்பத்திரி என்றதும் இந்தக் குடும்பத்தார்தான் என்று ரொம்ப நாள் நினைத்துக்கொண்டிருந்தேன். இல்லை. ஆஸ்பத்திரிக்காரர் சவளை ராமசாமி முதலியார், வேறு ஆள். சென்ட்ரல் ஸ்டேஷன் எதிரே சத்திரம் கட்டிவைத்தவர். நான் குழம்பியதால் என்ன நஷ்டம்? ஒரு ராமசாமியைத் தேடிப் போய் இரண்டு ராமசாமிகளையும் ஒரு லட்சுமணசாமியையும் தெரிந்துகொண்டு வந்தேன். இந்தக் கணக்கிலாவது மாம்பழம் கூடுகிறது.

நடுவர் மணியைக் கையில் எடுப்பது தெரிகிறது. சீக்கிரம் சொல்கிறேன். சினிமாவுக்குப் போனால் நடிப்பிசைப் புலவர் கே.ஆர். ராமசாமி, அண்ணாவின் 'வேலைக்காரி'யில் கதாநாயகன். இருபது வயதைத் தாண்டியதுமே கிழவர் வேடம் போட்டு, நிஜமாகக் கிழவரான பிறகும் அதே மாதிரி இருந்த வி.கே. ராமசாமி. பத்திரிகைக்கு வந்தால் 'துக்ளக்' சோ ராமசாமி; ஈரோட்டு ராமசாமியின் கொள்கையை எழுத்தில் விடாமல் எதிர்த்த ராமசாமி. கடல் தாண்டினால் பினாங்கில் 2008 முதல் பதினைந்து வருடம் துணை முதல்வராக இருந்த பேராசிரியர் பி. ராமசாமி.

இன்னும் ஒருவர் பாக்கி. அவரும் கே.ஆர். ராமசாமிதான். இன்ஷியல்கூட அந்த நடிகருடையதே. எதிரணிக் கணக்குப்படி இவர் காணாமல் போயிருக்க வேண்டும். இவர் என்ன செய்தார்? சென்னை பாரிமுனையில் வெயிலில் நின்று போக்குவரத்தை ஒழுங்குபடுத்தினார். நடைபாதையை மறைத்த பேனரைத் தாமே கிழித்தார். மோட்டார் பூட்டிய மீன்பாடி வண்டி, அனுமதியில்லாத கட்டடம் என்று வழக்கு மேல் வழக்குப் போட்டார். அடியும் வாங்கினார். ஜனங்கள் பார்த்தார்கள். 'எந்த ராமசாமி?' 'டிராஃபிக் ராமசாமி!' பெயருக்கு முன்னால் ஒரு ஆங்கிலச் சொல் வந்து ஒட்டிக்கொண்டது. எத்தனை லட்சம் செலவழித்து விளம்பரம் செய்தாலும் கிடைக்காத ஒட்டு அது.

இது நேற்று வந்த வழக்கமும் இல்லை. மணிமேகலை பாடியவர் பெயர் சாத்தன். அந்தக் காலத்து ராமசாமி! திரும்பிய பக்கமெல்லாம் சாத்தன். ஆகவே தமிழ் என்ன செய்தது? 'மதுரைக் கூலவாணிகன் சீத்தலைச் சாத்தனார்' என்றது. இருந்த ஊர், பார்த்த தொழில், சொந்த ஊர், பெயர். கூலவாணிகன் என்றால் தானியக் கடைக்காரர். பெயர் மட்டும் அபூர்வமாக இருந்திருந்தால் அவர் கடை வைத்திருந்தது நமக்குத் தெரிந்திருக்குமா? காட்டில் இருந்த குமணனைத் தேடிப்போய்ப் பாடியவர் வேறு சாத்தனார், பெருந்தலைச் சாத்தனார். பெருந்தலை என்பது ஊர் என்பாரும் உண்டு, அவருக்குத் தலை கொஞ்சம் பெரிது என்பாரும் உண்டு. அந்தச் சண்டைக்குள் நான் போகவில்லை. 'செம்புலப் பெயல்நீர் போல' என்று குறுந்தொகையில் எழுதியவருக்குப் பெயரே தெரியவில்லை. செம்புலப்பெயனீரார் என்று அவர் எழுதிய வரியிலிருந்தே பெயரை எடுத்துச் சூட்டினார்கள். அப்பா வைத்த பெயர் முழுசாகத் தொலைந்த பிறகும் ஆள் தொலையவில்லை.

மணி அடித்துவிட்டீர்கள், முடித்துவிடுகிறேன். எதிரணியில் அடுத்துப் பேச எழுந்திருக்கும் நண்பரின் பெயரும் ராமசாமிதான். பெயர் பாரம் என்று பேச வந்தவர். ஆனால் அழைப்பிதழ் அச்சுக்குப் போவதற்கு முன்னால் விழாக் குழுவுக்குப் போன் போட்டு, 'வெறும் ராமசாமி என்று போடாதீர்கள், முன்னால் பட்டிமன்றம் என்று சேர்த்துப் போடுங்கள்' என்று அவரே கேட்டு வாங்கியிருக்கிறார். அழைப்பிதழ் என் சட்டைப் பையில் இருக்கிறது நடுவர் அவர்களே, வேண்டுமானால் பார்த்துக்கொள்ளுங்கள். பட்டிமன்றம் ராமசாமி அவர்களே, வாருங்கள், மைக் உங்களுக்குத்தான்.