பியூலாவின் குரல்

நேயர்களுக்கு வணக்கம்.

வானொலியில் முகம் தெரியாது. குரலை வைத்துத்தான் ஆளை அறிகிறோம். அமெரிக்காவில் அந்தக் குரலைக்கூடக் கறுப்பின மக்களுக்கு விட்டுவைக்காத ஒரு காலம் இருந்தது. இன்று அதைப் பற்றிப் பேசுகிறேன்.

1928இல் சிகாகோவில் 'ஏமஸ் அண்ட் ஆண்டி' என்ற தொடர் தொடங்கியது. தெற்கிலிருந்து பிழைப்புத் தேடி நகரத்துக்கு வந்த இரண்டு கறுப்பின ஆண்களின் கதை. பேசி நடித்த இருவருமே வெள்ளையர்கள். உச்சரிப்பைக் கோணலாக்கி, சொற்களைத் தப்பும் தவறுமாகப் பேசி, "இவர்கள் இப்படித்தான்" என்று நாட்டுக்கே ஒரு சித்திரத்தைக் காதுவழி ஏற்றிவிட்டார்கள். 1931இல் 'பிட்ஸ்பர்க் கூரியர்' என்ற கறுப்பினப் பத்திரிகை அதை எதிர்த்துக் கையெழுத்து இயக்கம் நடத்தியது. தொடர் நிற்கவில்லை.

அடுத்து வந்தது எனக்கு இன்னும் வலிக்கிறது. 1944இல் பியூலா என்ற கறுப்பின வேலைக்காரப் பெண் பாத்திரம் வானொலியில் பிரபலமானது. அதைப் பேசியவர் மார்லின் ஹர்ட் என்ற வெள்ளைக்கார ஆண். ஒலிபரப்பு அரங்கில் பார்வையாளர்களுக்கு முதுகைக் காட்டி நின்றுகொண்டு, தன் முறை வந்ததும் சட்டென்று திரும்பி பியூலாவின் குரலில் கத்துவார். ஆளைப் பார்த்ததும் அரங்கம் அதிரும். அந்தச் சிரிப்பும் சேர்ந்தே ஒலிபரப்பாகும். ஒரு கறுப்பினப் பெண் பேச வேண்டிய இடத்தில் அவள் இல்லை என்பதே அங்கே நகைச்சுவை!

ஹர்ட் 1946இல் இறந்தார். அவருக்குப் பின் வந்தவரும் வெள்ளைக்கார ஆண்தான். 1947 நவம்பரில்தான் அந்த ஒலிவாங்கியின் முன் ஒரு கறுப்பினப் பெண் வந்து நின்றார். அவர் ஹேட்டி மெக்டேனியல்.

'கான் வித் த விண்ட்' படத்துக்காக 1940இல் ஆஸ்கர் வாங்கிய முதல் கறுப்பினக் கலைஞர் அவர். முந்தைய டிசம்பரில் அட்லாண்டாவில் நடந்த முதல் காட்சிக்கு அவரால் போக முடியவில்லை. ஜார்ஜியா மாநிலத்தின் நிறவெறிச் சட்டங்கள் அப்படி. விருது விழாவிலும் சக நடிகர்களோடு உட்கார விடாமல், சுவரோரம் தனி மேசை போட்டார்கள்.

வாழ்நாள் முழுவதும் திரையில் வேலைக்காரியாகவே வந்தார் என்று அவரைச் சாடியவர்கள் உண்டு. கறுப்பின உரிமைச் சங்கத்தின் நிர்வாகச் செயலாளர் வால்டர் ஒயிட் ஹாலிவுட்டுக்கே வந்து, இந்த வேடங்கள் போதும் என்று ஸ்டுடியோக்களிடம் வாதாடினார். அவருடைய கோபம் நியாயமானது. ஆனால் மெக்டேனியலின் பெற்றோர் அடிமைகளாகப் பிறந்தவர்கள். அவரும் பாட்டுக்கும் நடிப்புக்கும் கிடைத்த காசு போதாமல் நிஜமாகவே வீட்டுவேலை செய்தவர். நல்ல வேடங்களை எழுத மறுத்த கைகளை விட்டுவிட்டு, கிடைத்த வேடத்தில் உயிரைக் கொடுத்து நடித்தவரைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்துவதை என்னால் ஏற்க முடியவில்லை.

அவர் வாயை மூடிக்கொண்டு பணிந்து போனவரும் அல்லர். லாஸ் ஏஞ்சல்ஸில் 'சுகர் ஹில்' என்று அழைக்கப்பட்ட பகுதியில் கறுப்பினத்தவர் குடியிருக்கக் கூடாது என்று வெள்ளைக்கார அயலவர்கள் வழக்குப் போட்டபோது, மற்றக் கறுப்பின வீட்டுக்காரர்களோடு சேர்ந்து நின்று 1945இல் வென்றார். பியூலா ஒப்பந்தத்திலும் கோணல் உச்சரிப்பில் பேச மாட்டேன் என்பதை நிபந்தனையாக வைத்தார். பியூலா அப்போதும் வேலைக்காரிதான். ஆனாலும் கொச்சைப்படுத்தாத ஒரு கறுப்பினப் பெண்ணின் சொந்தக் குரல் அமெரிக்க வீடுகளுக்குள் போனது. இதை நான் சிறிய வெற்றி என்று சொல்ல மாட்டேன். 1952இல் புற்றுநோயால் இறக்கும்போது, தான் விரும்பிய ஹாலிவுட் இடுகாட்டில்கூட நிறத்தைக் காட்டி அவருக்கு இடம் மறுத்தார்கள்.

இதெல்லாம் பழைய கதை என்று நினைக்க வேண்டாம். 'ஃபேமிலி கை' என்ற கார்ட்டூன் தொடரில் கிளீவ்லண்ட் பிரவுன் என்ற கறுப்பினப் பாத்திரத்துக்கு 1999 முதல் குரல் கொடுத்து வந்தவர் ஒரு வெள்ளைக்கார நடிகர். ஜார்ஜ் ஃபிளாய்ட் என்ற கறுப்பினத்தவர் போலீஸ் பிடியில் கொல்லப்பட்ட பின் நாடெங்கும் மக்கள் தெருவில் இறங்கிய 2020இல்தான், இது கறுப்பின நடிகர்கள் செய்ய வேண்டிய வேலை என்று சொல்லி அவர் விலகினார். 'தி சிம்ப்சன்ஸ்' தொடரும் அதே ஆண்டில்தான், வெள்ளையரல்லாத பாத்திரங்களுக்கு இனி வெள்ளையர்கள் குரல் கொடுக்க மாட்டார்கள் என்று அறிவித்தது. ஹேட்டி மெக்டேனியல் அந்த ஒலிவாங்கியின் முன் நின்று அப்போது ஏறக்குறைய 73 ஆண்டுகள் ஆகியிருந்தன.

வணக்கம்.