மூன்றாம் வகுப்புப் பலகை

நேயர்களுக்கு வணக்கம்.

இந்திய ரயில்வேயின் கதையைச் சொல்பவர்கள் 1853 ஏப்ரல் 16இல் தொடங்குவார்கள். பம்பாயின் போரிபந்தரிலிருந்து தாணேவுக்கு முதல் பயணிகள் ரயில்: 34 கிலோமீட்டர், 14 பெட்டிகள், மூன்று எஞ்சின்கள், ஏறத்தாழ 400 விருந்தினர்கள். நான் பேச வந்தது அந்த விருந்தினர்களைப் பற்றியல்ல. பின்னாளில் மூட்டை முடிச்சோடு மூன்றாம் வகுப்பில் ஏறிய கோடிக்கணக்கானவர்களைப் பற்றி.

பருத்தியைத் துறைமுகத்துக்குக் கொண்டுபோகவும் படையை நகர்த்தவும் போட்ட தண்டவாளம் அது. முதலீடு செய்த பிரிட்டிஷ் கம்பெனிகளுக்கு 5 சதவீத வருமானம் உறுதி. குறைந்தால் நம் வரிப்பணத்தில் ஈடுகட்டினார்கள். ஏழைகள் ரயில் ஏறுவார்களா, சாதி பார்ப்பவர்கள் சேர்ந்து உட்காருவார்களா என்று அன்றைக்குச் சந்தேகப்பட்டவர்கள் உண்டு. ஜனங்கள் ஏறினார்கள், நிற்க இடமில்லாமல் ஏறினார்கள். பயணக் கட்டணத்தில் பெரும்பங்கு அவர்கள் கொடுத்த காசுதான். கிடைத்ததோ வெறும் மரப்பலகை. அந்த நெரிசலையும் அழுக்கையும் 1917இல் காந்தி எழுதினார், அதே பெட்டியில் பயணம் செய்துவிட்டு.

பெட்டிக்குள் தோளோடு தோள் இடித்துக்கொண்டு வந்தவர்கள் பசிக்கு இறங்கினால் சாதி அங்கே காத்திருக்கும். தென்னிந்திய ரயில் நிலையச் சாப்பாட்டுக் கூடங்களில் பிராமணர்களுக்குத் தனி இடம். ஒரே வண்டி, ஒரே டிக்கெட், சோற்றுக்கு மட்டும் வேறு பந்தி! பெரியாரும் சுயமரியாதை இயக்கத்தாரும் விடாமல் எதிர்த்தார்கள். 1941இல்தான் அது ஒழிந்தது. ரயில் தானாகச் சாதியைக் கரைத்துவிட்டது என்று யாராவது சொன்னால் எனக்குக் கோபம் வரும்.

1974இல் மூன்றாம் வகுப்பு என்ற பெயரை எடுத்தார்கள். பலகை அப்படியே இருந்தது. அதை மாற்றியவர் 1977இல் ரயில்வே அமைச்சரான மது தண்டவதே. இரண்டாம் வகுப்புப் படுக்கைகளில் இரண்டு அங்குல நுரை மெத்தை போட வைத்தார். அந்த டிசம்பரில் பம்பாய்க்கும் ஹவுராவுக்கும் இடையே வகுப்புப் பேதமில்லாத கீதாஞ்சலி எக்ஸ்பிரஸும் ஓடத் தொடங்கியது.

என் அப்பா வெளியூர் கிளம்பும்போது பலகையில் விரிக்க ஒரு ஜமக்காளத்தைச் சுருட்டிக்கொள்வார். மெத்தையில் முதன்முதலாகப் படுத்துவிட்டு வந்த அன்று, திண்ணையில் உட்கார்ந்து அம்மாவிடம் சொன்னார்: "முதுகு வலிக்கலை, தெரியுமா?"