அனுமதிச் சீட்டே முதல்

நண்பர்களே, 2010 வாக்கில் பர்மாவின், அதாவது இன்றைய மியான்மரின், யாங்கூன் நகரில் ஒரு சிம் கார்டு வாங்க எவ்வளவு ஆனது தெரியுமா? அந்த நாட்டுப் பணத்தில் சுமார் 15 லட்சம் கியாட். அன்றைய வெளிச்சந்தைக் கணக்கில் ஆயிரம் டாலருக்கு மேல். 2014-இல் வெளிநாட்டு நிறுவனங்கள் உள்ளே வந்ததும் சிம் 1,500 கியாட்டுக்குத் தெருக்கடையிலேயே கிடைத்தது. பிளாஸ்டிக் அதேதான். அப்படியென்றால் அதுவரை மக்கள் எதற்குக் காசு கொடுத்தார்கள்? அனுமதிக்கு.

உங்களில் பர்மாவிலிருந்து திரும்பி வந்தவர்கள் வீட்டுப் பிள்ளைகள் சிலராவது இருப்பீர்கள். இராணுவத் தளபதி நே வின் ஆட்சியில் கடைகளை அரசு எடுத்துக்கொள்ள, உங்கள் தாத்தாக்கள் வெறுங்கையோடு கப்பலேறினார்கள். 1988-இல் வந்த அடுத்த இராணுவ ஆட்சி தனியார் வியாபாரத்தைத் திறந்துவிட்டது. சரி, யாருக்கு?

அங்கே ஒரு டாலருக்கு அரசாங்க விலை ஏறக்குறைய 6 கியாட். வெளியிலோ ஆயிரத்தைத் தாண்டியது. 2012 வரை இதே கூத்து. இறக்குமதிக்கும் ஏற்றுமதிக்கும் உரிமம் வேண்டியிருந்தது. கார் இறக்குமதி அனுமதி கையில் இருந்தால், வெளிநாட்டில் யாரும் சீந்தாத பழைய ஜப்பான் காரை யாங்கூனில் பல மடங்கு விலைக்குத் தள்ளிவிட முடிந்தது. அரசுக்குக் கட்டடம் கட்டிக் கொடுத்தவர்களுக்குக் கூலியாகவே இந்த அனுமதிகளைக் கொடுத்ததும் உண்டு. கஜானாவிலிருந்து காலணா குறையாது. பாரம் முழுக்கக் கார் வாங்குபவன் தலையில்.

இந்தச் சூழலில் வளர்ந்ததுதான் தே ஸா என்ற வியாபாரி 1990-இல் தொடங்கிய தூ டிரேடிங் நிறுவனம். பெயர் தமிழ்க் காதில் வேறு மாதிரி விழும், அதற்கு நான் பொறுப்பில்லை. தேக்கு ஏற்றுமதியில் பெருத்து, அப்போதைய இராணுவ ஆட்சித் தலைவர் ‘தான் ஷ்வே’யின் குடும்பத்துக்கு நெருங்கி, புதிய தலைநகர் நேபிடாவில் கட்டுமானம், ஓட்டல்கள், 2004-இல் ஏர் பகான் விமானங்கள் என்று விரிந்தது. 2010-இல் வங்கி உரிமமும் கிடைத்தது. பழம்பெரும் கோயில் நகரமான பகானுக்குப் போனவர்கள் பார்த்திருப்பீர்கள்: ஆயிரம் வருடத்துச் செங்கல் பகோடாக்களுக்கு நடுவே 60 மீட்டர் உயரத்தில் ஒரு பார்வைக் கோபுரம். அதுவும் இவர் கைவண்ணமே. யுனெஸ்கோ கண்டித்தது, கோபுரம் அசையவில்லை. சாமானியன் அந்த மண்ணில் ஒரு குடிசை போட்டுப் பார்க்கட்டும்!

இராணுவத்துக்கு இப்படி ஒரு வியாபாரி எதற்கு? மேற்கு நாடுகள் ஆயுதம் விற்க மறுக்கும்போது, வெளியே போய்ப் பேசி முடிக்க ஒரு கோட் சூட் ஆள் தேவை. அமெரிக்க நிதித்துறை அவரை ஆயுத வியாபாரி என்றே எழுதியது. 2007 அக்டோபரில், பிக்குகளின் போராட்டம் நசுக்கப்பட்ட கையோடு, அவரையும் நிறுவனத்தையும் பொருளாதாரத் தடைப்பட்டியலில் சேர்த்தது. சில வாரங்களில் ஏர் பகானின் சிங்கப்பூர் விமானம் நின்றது. உள்ளூரில் தளபதி கொடுத்த சீட்டு, சிங்கப்பூர் வங்கியின் கவுண்டரில் செல்லவில்லை.

ஆட்சியாளர்களோடு ஒட்டிப் பிழைக்கும் இப்படிப்பட்ட வியாபாரிகளைப் பர்மியர்கள் ‘கரோனி’ (crony) என்பார்கள். ஆங்கிலச் சொல்தான், ஆனால் டீக்கடை வரைக்கும் இறங்கிவிட்டது.

2016-இல் அந்தத் தடைகள் விலகின. அப்புறம் 2021-இல் மறுபடியும் இராணுவம். மறு வருடம் சனவரியில் அமெரிக்கா தே ஸாவை மீண்டும் பட்டியலில் போட்டது. இந்த முறை கூடவே அவருடைய இரண்டு மகன்களையும்.