தடம் இருந்தால் தண்டவாளம் வரும்

விழாத் தலைவர் அவர்களே, வேலைநாள் மாலையில் நேரம் ஒதுக்கி வந்திருக்கும் நகரசபை உறுப்பினர் அம்மையார் அவர்களே, வாடகை வாங்காமல் மண்டபத்தைத் திறந்துவிட்ட தேவாலயப் பொறுப்பாளர்களே, பின்வரிசையில் எண்ணெய்க்கறை போகாத கைகளோடு உட்கார்ந்திருக்கும் ரயில் தொண்டர்களே, பெரியோர்களே, தாய்மார்களே, வணக்கம். செயலாளரை விட்டுவிட்டதாக இப்போதுதான் சீட்டு வருகிறது. இத்தனை நாற்காலிகளையும் அடுக்கியவர் அவர்தான். அவருக்குத் தனி வணக்கம்.

இங்கிலாந்தின் கிராமத்து ரயில்பாதைகளைப் பற்றி மூன்று செய்திகள் சொல்கிறேன். அவை எப்படிப் போயின, எப்படி மீண்டன, நீராவி இன்ஜினின் கொதிகலனை எப்படிப் பேணுகிறார்கள்.

போன கதையைக் கேட்டால் எல்லோரும் அன்றைய பிரிட்டிஷ் ரயில்வே தலைவர் டாக்டர் பீச்சிங் பெயரைத்தான் சொல்வார்கள். 1963 மார்ச்சில் வந்த அவருடைய அறிக்கை சுமார் 5,000 மைல் பாதையையும் 2,363 நிலையங்களையும் மூடச் சொன்னது உண்மை. ஆனால் பழி முழுவதையும் அவர் தலையில் கட்டுவது நியாயமில்லை. அவர் வருவதற்கு முன்பே மூடுவிழாக்கள் நடந்துகொண்டுதான் இருந்தன. அறிக்கை வந்த பிறகுதான் ஊர் அழுதது. கண்கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம்!

ஆனால் கண் கெடுவதற்கு முன்பே விழித்துக்கொண்ட ஓர் அம்மையார் உண்டு. சசெக்ஸில் லூயிஸ் நகரையும் ஈஸ்ட் கிரின்ஸ்டெட்டையும் இணைத்து 1882இல் திறந்த பாதை அது. 1955 ஜூனில் மூடுவதாக அறிவித்திருந்தார்கள். ரயில் ஓட்டுநர்கள் வேலைநிறுத்தம் செய்யவே, மே 28ஆம் தேதியே கடைசி ரயில் போய்விட்டது. வழியனுப்பக்கூட ஊருக்கு வாய்ப்பில்லை. செய்லி ஊரில் மேட்ஜ் பெஸ்ஸெமர் என்றொரு அம்மையார் இருந்தார். எஃகை மலிவாக வார்க்க வழி கண்ட ஹென்றி பெஸ்ஸெமரின் பேத்தி. அவர் கொடி பிடிக்கவில்லை, கோஷம் போடவில்லை. அந்தப் பாதைக்காகவே போட்ட 1877, 1878ஆம் ஆண்டுகளின் பழைய சட்டங்களை எடுத்து வரிவரியாகப் படித்தார். தினமும் நான்கு ரயில் ஓடியே தீரவேண்டும் என்று அதிலே எழுதியிருக்கிறது! நாடாளுமன்றம் போட்ட முடிச்சை ரயில்வே அவிழ்க்க முடியுமா?

1956 ஆகஸ்ட் 7இல் ரயில் திரும்ப வந்தது. எப்படி வந்தது என்கிறீர்கள்? மாமியார் பரிமாறின சோறு மாதிரி வந்தது. நான்கு என்றால் நான்கே. சட்டத்தில் பெயர் உள்ள நிலையங்களில் மட்டும் நிற்கும். பார்கோம், கிங்ஸ்கோட் இரண்டின் பெயரும் சட்டத்தில் இல்லை. அங்கே காத்திருந்தவர்கள் கையை ஆட்டிவிட்டு வீட்டுக்குப் போகவேண்டியதுதான். 'முகம் தூக்கிய ரயில்' என்றே மக்கள் பேர் வைத்தார்கள். விசாரணை நடந்தது, ரயில்வே குட்டு வாங்கியது. கடைசியில் அந்தச் சட்டப்பிரிவையே நாடாளுமன்றத்தில் நீக்கவைத்து, 1958 மார்ச்சில் மறுபடி மூடினார்கள். தோற்றுவிட்டார் என்கிறீர்களா? அம்மையார் வாங்கித் தந்த காலத்துக்குள் ஊர் விழித்துக்கொண்டது. 1960 ஆகஸ்ட் 7இல், முன்பு திரும்ப வந்த அதே தேதியில், ஷெஃபீல்ட் பார்க்கிலிருந்து தொண்டர்களின் புளூபெல் ரயில் கிளம்பியது.

இனி, நான் உண்மையில் சொல்ல வந்ததற்கு வருகிறேன். தண்டவாளம் போனாலும் அது கிடந்த நிலம், அதாவது தடம், போகக்கூடாது. புளூபெல்காரர்கள் ஈஸ்ட் கிரின்ஸ்டெட் வரை போய்ச்சேர 2013 மார்ச் ஆயிற்று. அத்தனை தாமதத்துக்குப் பெரிய காரணம் தண்டவாளமோ இன்ஜினோ அல்ல, குப்பை. இம்பர்ஹோர்ன் என்ற இடத்தில் பாதைக்காகத் தோண்டிய பள்ளத்தில் ஊர்க் குப்பையைக் கொட்டி நிரப்பியிருந்தார்கள். அதை லாரியிலும் ரயிலிலும் ஏற்றி வெளியேற்றப் பல ஆண்டு போயிற்று.

கம்ப்ரியாவில் கிரேட் மஸ்கிரேவ் என்ற ஊரின் பழைய கல்பாலத்தைப் பாருங்கள். இரண்டு பாரம்பரிய ரயில் சங்கங்கள் ஒருநாள் இணைய வேண்டுமானால் ரயில் அதன் அடியில்தான் போகவேண்டும். 2021இல் வளைவுக்கடியில் ஆயிரம் டன்னுக்கு மேல் ஜல்லியும் கான்கிரீட்டும் கொட்டி அடைத்தார்கள். உள்ளூராட்சி 2022இல் அனுமதி மறுத்தது. மறு ஆண்டு அத்தனையும் தோண்டி வெளியே போட்டார்கள். கொட்டவும் காசு, அள்ளவும் காசு. கண்கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம்.

மாறாக, டெவனின் ஓக்ஹாம்ப்டன். 1972இல் பயணிகள் ரயில் நின்றது. மெல்டன் கல்குவாரிக்காகத் தடம் மட்டும் பிழைத்துக் கிடந்தது. 2021 நவம்பரில் அன்றாட ரயில் மீண்டபோது 11 மைலுக்குப் புதுத் தண்டவாளமும் 24,000 கான்கிரீட் ஸ்லீப்பரும் போட்டார்கள். திட்டச் செலவிலும் மிச்சம் பிடித்தார்கள்.

தண்டவாளத்தைக் காசு கொடுத்து வாங்கலாம். பழைய வகையில் 60 அடித் துண்டு ஒன்று ஏறக்குறைய 860 கிலோ. அதன் கீழே 24 ஸ்லீப்பர் கட்டைகள், ஒவ்வொன்றிலும் இரண்டு வார்ப்பிரும்புத் தாங்கிகள், தாங்கிக்கு ஓர் ஓக் மர ஆப்பு. வெயிலில் ஆப்பு சுருங்கித் தானே கழன்று விழும். பாதையை நடந்து பார்த்துச் சுத்தியலால் இறுக்க ஆள் வேண்டும். கோடைக்கு முன் இணைப்புத் தகட்டைக் கழற்றிக் கிரீஸ் தடவாவிட்டால், விரியும் இரும்பு போக இடமில்லாமல் பாதையே வளைந்துவிடும். இதையெல்லாம் ஞாயிற்றுக்கிழமைத் தொண்டர் கற்றுக்கொண்டு செய்துவிடுவார்.

நாற்பது ஆண்டு கேட்பாரற்றுக் கிடந்த மண்கரை வேறு. அடியில் ஓடும் மதகு அடைபட்டால் தண்ணீர் ஊறிக் கரை சரியும். ஆஷ் மரத்தின் வேர் வடிகாலைப் பிளக்கும். பேட்ஜர் என்ற காட்டு விலங்கு வளை தோண்டினால், 1992 சட்டப்படி உரிமம் இல்லாமல் அதைத் தொடவும் முடியாது. இதெல்லாம்கூடப் பணத்தால் தீரும். நடுவில் பத்து வீடு கட்டிவிட்டால்?

ஊர்ப் பாதைகளைத் திரும்பத் திறக்க 2020இல் அரசு அறிவித்த 50 கோடிப் பவுண்டு திட்டத்தையும் 2024இல் கைவிட்டுவிட்டார்கள். ஆகவே நம் ஊரின் பழைய பாதைக்கு இன்றைக்குப் பணம் கேட்கவில்லை. அம்மையார் அவர்களே, தங்கள் சபையின் நிலப் பயன்பாட்டுத் திட்டத்தில் 'பழைய ரயில்தடம், காக்கப்பட வேண்டியது' என்று ஒரு கோடு கேட்கிறோம். அதன்மேல் வீட்டுமனைக்கு அனுமதி கேட்டு வருகிறவருக்கு மறுப்புச் சொல்ல அந்தக் கோடே காரணமாகும். நடைபாதையாகவோ சைக்கிள் பாதையாகவோ இருந்துவிட்டுப் போகட்டும், எங்களுக்கு ஆட்சேபமில்லை. சைக்கிளை ஒருநாள் ஓரமாக நகர்த்தலாம்.

கொதிகலனுக்கு நேரமில்லை, தலைவர் மணியை எடுத்துவிட்டார். வாசல் மேசையில் ஊர் வரைபடம் விரித்திருக்கிறது. பாலம், மதகு, மேடு, பள்ளம் எது உங்களுக்குத் தெரிந்தாலும் பென்சிலால் குறியுங்கள், பேனா வேண்டாம். தேநீர் அதற்கு அடுத்த மேசையில் இருக்கிறது.